பால் மாத்தினியா

முதல் திருகலுக்குத் தூக்குப்பாத்திரம் அசையவில்லை. வாளியில் கொட்டிய ஐஸ் அதை நாலாபுறமும் கவ்விப் பிடித்திருந்தது. பனிமேரி துவைகல்லில் உட்கார்ந்து, வாளியை இரண்டு பாதங்களுக்கும் நடுவில் இறுக்கிக்கொண்டு, தூக்கின் கைப்பிடியை இடமும் வலமுமாக ஒரு ஆட்டு ஆட்டினாள். உள்ளே கட்டிகள் நெரிந்தன. பிறகு அது வழிவிட்டுச் சுற்றியது. சுற்றும்போது எவர்சில்வரில் கல்லுப்பு உரசும் சத்தம் பல் கூசும்படி வந்தது, அந்தக் கூச்சம்கூட இன்றைக்கு அவளுக்குச் சந்தோஷமாக இருந்தது. பராமரிப்பு வேலை என்று காலையிலேயே கரண்ட்டை எடுத்துவிட்டார்கள். தெருவில் மிக்ஸி சத்தம் இல்லை, டிவி சத்தம் இல்லை. முன்னறையில் அவள் புருஷன் ரெமிஜி சாய்வு நாற்காலியில் படுத்து ஓலைவிசிறியால் விசிறிக்கொண்டிருப்பது, விசிறி நாற்காலிக் கையில் தட்டும்போதெல்லாம் அவளுக்குக் கேட்டது. தட், தட். அவருக்கு ஒன்றும் தெரியாது, தெரியவும் கூடாது. ஐஸ்கிரீமுக்குப் பாலும் மஞ்சள் கருவும் சீனியும் சேர்த்துக் காய்ச்சியது, ஏலக்காய் தட்டிப் போட்டது, வெனிலா விட்டது எல்லாம் அவருக்கு ஒரு சுவர் தள்ளி அடுப்படியில்தான் நடந்தது. வாசனை வீடு நிறைய நின்றது. அவர் தலையைத் திருப்பவில்லை. அது ஒன்றும் கணக்கில் வராது என்று அவள் தனக்குச் சொல்லிக்கொண்டாள். மூக்கு வேறு நாக்கு வேறு, மூக்கு மெதுவாக வரட்டும், காலையில் கேட்டது நாக்கு. பால் மாத்தினியா.

காலையில் ரெமிஜி காப்பியை ஒரு வாய் குடித்துவிட்டு, தம்ளரை இறக்கி, உள்ளே எட்டிப் பார்த்துவிட்டுத்தான் கேட்டார். அவள் அடுப்பைத் துடைத்துக்கொண்டிருந்தாள், துணி அப்படியே நின்றுவிட்டது. ஏனென்றால் மாற்றியிருந்தாள். பாக்கெட் பால் தீர்ந்துபோனதால் பின்தெருவில் மாடு வைத்திருப்பவர்களிடம் கறந்த பால் வாங்கியிருந்தாள். ஆமா, ஏன் என்றாள், குரலை இழுத்துப் பிடித்துச் சாதாரணமாக்கிக்கொண்டு. ஒண்ணுமில்ல என்றார். மீதியைக் குடித்தார், தம்ளரைக் கழுவி வைத்தார், நாற்காலிக்குப் போனார். அவ்வளவுதான் நடந்தது. நிறத்தைப் பார்த்துக் கேட்டிருக்கலாம். கறந்த பாலில் காப்பி கொஞ்சம் வெளுத்திருக்கும், ஏடு மிதக்கும். ஆனால் முதலில் குடித்தாரா, முதலில் பார்த்தாரா. குடித்த பிறகுதான் பார்த்தார், அவள் கண்ணால் கண்டது. ஏடு உதட்டில் ஒட்டியிருந்தால்? ஒட்டினால் துடைத்திருப்பார், துடைக்கவில்லை. தூக்கு இடதுபக்கம் போகும்போது குடித்தார், வலதுபக்கம் வரும்போது பார்த்தார். குடித்தார், பார்த்தார், குடித்தார், பார்த்தார். எத்தனை தடவை சுற்றினாலும் குடித்ததுதான் முதலில் வந்தது. அவளுக்குச் சிரிப்பு வந்தது. ஐம்பதை எட்டப்போகிற பொம்பிளை, வெயிலில் துவைகல்லில் உட்கார்ந்து வாளியைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருக்கிறாள், மொட்டை மாடியிலிருந்து யாராவது பார்த்தால் என்ன நினைப்பார்கள். நினைக்கட்டும்.

அந்தக் காய்ச்சல் வந்து அவருடைய ருசியையும் வாசத்தையும் கொண்டுபோன பிறகு வீட்டில் ஒரு சொல் குடியேறியிருந்தது. நல்லாருக்கு. மீன்குழம்பு எப்படி, நல்லாருக்கு. தோசை, நல்லாருக்கு. காய்ச்சலுக்கு முன்னால் அவர் வாயிலிருந்து அந்தச் சொல் வந்ததே இல்லை. புளி இன்னும் ஒரு கொதி கொதிச்சிருக்கணும் என்பார், தேங்காய் முத்தல் என்பார், நேத்து அரைச்ச மசாலா என்பார். எப்படிக் கண்டுபிடிக்கிறாரோ என்று அவள் எரிந்து விழுந்திருக்கிறாள், உங்களுக்குப் பொங்கிப் போட மாதாவே இறங்கி வந்தாலும் குறை சொல்லுவிய என்று கரண்டியை வீசியிருக்கிறாள். இப்போது நல்லாருக்கு. ஒருநாள் சந்தேகம் தாங்காமல் குழம்பில் உப்பே போடாமல் வைத்தாள். அவர் சோற்றைப் பிசைந்தார், சாப்பிட்டார், அவள் முகத்தைப் பார்த்தார், நல்லாருக்கு என்றார். அவள் நெஞ்சில் அது கல்லாக விழுந்தது. ருசி தெரியாததற்காகக்கூட இல்லை. தன் முகத்தைப் பார்த்துவிட்டுச் சொன்னாரே, அதற்காக. விருந்துக்குப் போன வீட்டில் சொல்வதுபோல. அதன் பிறகு அந்தச் சொல்லைக் கேட்க அவளுக்குப் பயமாகிவிட்டது, சாப்பாட்டை வைத்துவிட்டு ஏதாவது வேலை இருப்பதுபோல அடுப்படிக்குள் போய்விடுவாள். மகள் மதுரையிலிருந்து போனில், அம்மா, எலுமிச்சம்பழத்தைத் தினமும் மோந்து பாக்கச் சொல்லு, நெறைய பேருக்கு அப்பிடித்தான் வாசம் திரும்பி வந்திருக்கு என்றாள். அவர் மோந்து பார்த்தார். பழங்கள் ஜன்னல் கட்டையில் ஒவ்வொன்றாகக் காய்ந்தன. ருசி திரும்பி வரலாம் என்றார் டாக்டர், வராமலும் போகலாம் என்றார். தூக்கு நின்றுபோயிருந்தது. நிறுத்தக் கூடாது. அவள் மறுபடி சுற்றினாள், விரல்கள் சிவந்து மரத்துக்கொண்டு வந்தன, நன்றாக மரக்கட்டும். வாளிக்கு வெளியே வேர்த்து நீர் வழிந்தது. உப்பு வேலை செய்கிறது.

மற்றவர்களுக்கு நாக்கு போனால் நாக்குதான் போகும். இவருக்குத் தொழிலே போனது. மக்ரூன் போடுகிறவருக்கு நாக்கு இல்லையென்றால் என்ன மிச்சம். முட்டை வெள்ளையை நுரைக்க அடித்து, சீனி, பொடித்த முந்திரி சேர்த்துக் கூம்பு கூம்பாக விட்டு அடுப்பில் காயவிடுவது யாருக்கும் கை பழகிவிடும். முந்திரி பழசாகிக் காறல் அடிக்கிறதா இல்லையா என்று விரல்நுனியில் தொட்டு நாக்கில் வைத்துச் சொல்ல, அண்ணன் தம்பி இரண்டு பேரும் நடத்துகிற அந்தக் கடையில் இவர் ஒருவர்தான் இருந்தார். காய்ச்சலுக்குப் பிறகு போன முதல் வாரமே காறல் முந்திரியைத் தெரியாமல் போட்டு, ஒரு நாள் சரக்கு முழுவதையும் கொட்டவேண்டியதாயிற்று. யாரும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. தம்பி ஜெரோம்கூடச் சொல்லவில்லை, அதுதான் அவரைச் சுட்டிருக்கும். மறுநாளிலிருந்து நாற்காலி, விசிறி. ஆவணிக்கு முன்னால் மாதா திருவிழா வருகிறது, ஆர்டர் குவிந்திருக்கிறது. போன வாரம் ஜெரோம் அவளைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னான், மைனி, திருநாள் சமயம், எனக்கு வேற வழி தெரியல, ஒரு மாஸ்டரப் பேசி வச்சிருக்கேன், அண்ணன்கிட்ட நான் எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டுச் சொல்ல, நீங்களே பக்குவமாச் சொல்லிருங்க. இன்னும் சொல்லவில்லை. ஒவ்வொரு நாளும் சொல்லலாம் என்று போவாள், அவர் விசிறிக்கொண்டிருப்பார், திரும்பி வந்துவிடுவாள். இன்று காலை பால் மாத்தினியா கேட்ட கையோடு கடைக்கு ஓடினாள். மக்ரூனுக்கு வெள்ளை மட்டும்தான் வேண்டும், மஞ்சள் கரு எப்போதும் மீந்து கிடக்கும். ஜெரோம் சட்டியை எடுத்துக்கொண்டே கேட்டான், மஞ்சக்கருவா, எத்தன வேணும். இருக்கத எல்லாம் குடு. எல்லாமா, ஊருக்கே பொங்கிப் போடப் போறியளா மைனி. ஆமால, ஒனக்கு மட்டும் கிடையாது. அவன் அவள் முகத்தைப் பார்த்தான். அண்ணனுக்கா என்றான். சும்மா, கேக்கு போடலாம்னு என்றாள். கரண்ட்டு இல்லாமயா என்றான். அவள் சட்டியை வாங்கிக்கொண்டு படி இறங்கிவிட்டாள். சொல்லக் கூடாது. ஈஸ்டரில் இப்படித்தான், ஊறுகாய் தொட்டுக்கொள்ளும்போது அவர் கண்ணைச் சுருக்கினார் என்று ஜெரோமிடம் சொல்லி, அவன் பாதிரியாரிடம் சொல்லி, கடைசியில் பார்த்தால் பல்வலி. இந்தத் தடவை யாருக்கும் இல்லை. அவளுக்கும் வாளிக்கும் மட்டும்.

மூடியைத் திறந்து பார்த்தாள். ஓரமெல்லாம் பிடித்திருந்தது. நடுவில் மட்டும் இன்னும் கூழாக ஆடியது, ஓரத்தில் வெளிறிய மஞ்சளில் ஒரு விரல்கடை கனத்துக்கு இறுகிப்போயிருந்தது. வந்துடுச்சு என்று வாய்விட்டுச் சொன்னாள். கரண்டியால் சுரண்டி நடுவுக்குத் தள்ளினாள், கரண்டியில் ஒட்டியதை நக்கினாள், இனிப்பும் வாசமுமாக நாக்கில் விழுந்து கரைந்தது. சரியாக இருந்தது, எல்லாம் சரியாக இருந்தது. மூடியை அழுத்தி மூடி மறுபடி சுற்றினாள். கல்யாணமான புதிதில் இதே துவைகல், இதே மாதிரி ஒரு தூக்கு. மீனை ஐஸில் கட்டி வெளியூருக்கு அனுப்புகிற செட் வைத்திருந்த அவள் அப்பா, மருமகனுக்கு என்று ஒரு பெட்டி சீலா அனுப்பியிருந்தார். மீனை எடுத்த பிறகு ஐஸ் அவ்வளவும் மிச்சம். ரெமிஜி அதைக் கொட்டவிடவில்லை. ஒங்க அப்பா ஐஸ், எங்க கடை மஞ்சக்கரு, உப்புக்கு ஊரே கெடக்கு, இரு, ஒனக்கு ஒண்ணு செஞ்சு தாரேன் என்றார். மாமியார் வீட்டில் அவளுக்கென்று செய்யப்பட்ட முதல் பண்டம். ஊருக்கு மாதா பனிமய மாதா, இவளுக்கும் பேரில் பனி, ஊரில் ஒருத்தரும் பனியைக் கண்டதில்லை, உப்பளத்து அம்பாரத்தைப் பார்த்து இப்படித்தான் இருக்கும்போல என்று நினைத்துக்கொள்வதுதான். அன்றைக்கு அவர் ஒரு கரண்டி எடுத்து நீட்டி, இந்தா பனி, மேரி என்றார். அது உறைவதற்கு முன்னால் அவள் ஐஸ் சாக்கைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நின்றாள். அவர் சட்டையில்லாமல் உட்கார்ந்து சுற்றினார். முழங்கையிலிருந்து மணிக்கட்டு வரை நரம்பு எழும்பி எழும்பி அடங்கியது, மயிரில் உப்புத்தண்ணி துளித்துளியாக நின்றது. அவள் அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் செய்முறை சொல்லிக்கொண்டே வந்தார். உப்புல கஞ்சத்தனம் காட்டக் கூடாது என்றார், சுத்துறத நிறுத்தக் கூடாது என்றார், மூன்றாவதாக ஒன்று சொன்னார். தூக்கில் ஓரிடத்தை விரலால் தொட்டுக் காட்டிச் சொன்னார். வெளங்கிச்சா என்றார். வெளங்கிச்சு என்று தலையாட்டினாள். என்ன சொன்னார். விரல் தெரிகிறது, நகம் தெரிகிறது, மோதிரம்கூடப் புதிதாக மின்னுகிறது, சொல் மட்டும் இல்லை. சுற்றுவதைப் பற்றி இல்லை. உப்பைப் பற்றியும் இல்லை, அது முன்னாலேயே சொல்லியாயிற்று. மூடியைப் பற்றி ஏதோ. இறுக்கி மூடு என்றிருப்பார். இறுக்கித்தானே மூடியிருக்கிறாள்.

இனிச் சுற்ற முடியவில்லை, தூக்கு கனத்துவிட்டது. கனத்துவிட்டால் சரி, இனிமேல் அசையாமல் கிடந்து இறுகவேண்டியதுதான். வாளியில் ஐஸ் இளகிப் பாதிக்கு இறங்கியிருந்தது. சாக்கில் மிச்சமிருந்த கட்டியைத் துவைகல்லில் வைத்து விறகுக்கட்டையால் தட்டினாள். சில்லுகள் தெறித்து முகத்தில் பட்டன. காய்ச்சலுக்குப் பிறகு ஒருநாள், இப்படி ஒரு மத்தியானம். மூலைக்கடைக்குத்தான் போனாள், பேசிக்கொண்டு நின்றுவிட்டாள், திரும்பி வரும்போது தெருமுனையிலேயே தீய்ந்த வாடை. தன் வீடாக இருக்காது என்றுதான் நடந்தாள். வாசலுக்கு வந்தால் வீட்டுக்குள்ளிருந்து புகை. அடுப்பில் பால் பொங்கி வற்றிச் சட்டி கருகிச் செக்கச்செவேல் என்று கிடக்கிறது, அவர் முன்னறையில் முதுகைக் காட்டிக்கொண்டு பேப்பர் படித்துக்கொண்டிருக்கிறார். வாளியில் அவள் கை தன்பாட்டுக்கு ஐஸை அள்ளி அள்ளி வைத்தது. கீழே இடுக்கில், பக்கத்தில், மேலே. அது பாலாக இல்லாமல் கேஸ் கசிவாக இருந்திருந்தால் என்று அவள் அன்று முழுவதும் நினைத்தாள். அவர் சட்டியைப் பார்த்தார், அவளைப் பார்த்தார், தேங்காய்நாரை எடுத்து அந்தச் சட்டியைத் தேய்க்க உட்கார்ந்தார். தேய்த்துக்கொண்டே இருந்தார். விடுங்க, போகாது என்றதற்கு, போகும் என்றார். கை ஒரு பிடி உப்பைத் தூவியது, ஐஸ் வைத்தது, மறுபடி உப்பு. மேல் மூட்டம் கனமா இருக்கட்டும் பிள்ள, வெயிலு மேலதான அடிக்கும் என்று அப்பா செட்டில் சொல்வார். பள்ளிக்கூடம் விட்டு வந்தால் அவளுக்கு அதுதான் விளையாட்டு. கொடுவாவோ சீலாவோ, ஒரு வரிசை ஐஸ், ஒரு வரிசை மீன், கடைசியில் கண் தெரியாமல் மேலே மூடி, ஈரச்சாக்கைப் போர்த்தி, உள்ளங்கையால் தட்டிக் கொடுக்கவேண்டும். அப்படித் தட்டினால் கூடை முடிந்தது, வண்டியில் ஏற்றலாம் என்று அர்த்தம். ஈரச்சாக்கின் மேல் அவள் கை தட்டிக் கொடுத்தது. தூக்கு கண்ணுக்குத் தெரியவில்லை. வாளி நிறைய வெள்ளையும் சாக்கும். அந்தச் சட்டி கடைசிவரை வெளுக்கவே இல்லை, இப்போதும் பரணில் கிடக்கிறது.

உள்ளேயிருந்து விசிறிச் சத்தம் நின்றது. "ஏளா, பின்னால என்ன தட்டிக்கிட்டு கெடக்க?" என்றார். "ஒண்ணுமில்ல, வெறகு." "கேஸு இருக்கையில வெறகு எதுக்கு?" "சும்மாதான், காயப் போடுதேன்." எழுந்து வந்துவிடுவாரோ என்று அவள் முந்தானையை வாளிமேல் விரித்துப் பிடித்தாள். வரவில்லை. தட், தட். காலையில் கேட்டதை வைத்துக்கொண்டு இவ்வளவும் செய்துவிட்டாளே, ஒருவேளை ஒன்றுமில்லையென்றால். இந்த எண்ணம் இவ்வளவு நேரம் வாளியைச் சுற்றிக்கொண்டே இருந்தது, அவள்தான் உட்காரவிடவில்லை. ஒன்றுமில்லையென்றால் என்ன. கிண்ணத்தை வாங்குவார், ஒரு வாய் வைப்பார், குளிர்ச்சியாவது தெரியும். பிறகு அவள் முகத்தைப் பார்ப்பார். நல்லாருக்கு என்பார். அப்போது அவள் ஓட முடியாது, அடுப்படிக்குள் போக முடியாது, எதிரில் நின்று கேட்டுத்தான் ஆகவேண்டும். கேட்டுவிட்டு, அதே மூச்சில், ஜெரோம் ஒரு மாஸ்டரைப் பேசியிருக்கான் என்று சொல்லிவிடவேண்டும். இரண்டும் ஒன்றாகப் போகட்டும். இல்லை, அப்படி நினைக்கக் கூடாது. குடித்தார், பிறகுதான் பார்த்தார். பரீட்சை ரிசல்ட் பார்க்கப் போகும் பிள்ளைபோல அவள் எழுந்தாள், உட்கார்ந்தாள், கொடியில் காய்ந்த துணியை எடுத்து மடிக்காமல் மறுபடி கொடியிலேயே போட்டாள். இனித் தாங்காது. இறுகினவரை இறுகியிருக்கும். சாக்கை எடுத்து, ஐஸை இரண்டு கையாலும் தோண்டி விலக்கி, தூக்கைப் பிடுங்கி எடுத்தாள். மூடிமேல் நின்ற தண்ணீரை முந்தானையால் துடைத்துத் திறந்தாள். கல்போல இருந்தது. மேலாகக் கரண்டி போகிற இடத்தில் இரண்டு தோண்டு தோண்டிக் கண்ணாடிக் கிண்ணத்தில் போட்டாள்.

அவர் கிண்ணத்தைப் பார்த்தார், பிறகு அவள் கையைப் பார்த்தார். விரல்களெல்லாம் சிவந்து சுருங்கியிருந்தன. "இதுதான் வெறகு காயப் போட்டதா?" என்றார். "சாப்பிட்டுப் பாருங்க." "கையிலயா சுத்துன?" "கரையுது, சாப்பிடுங்க." விசிறியை மடியில் வைத்துவிட்டு வாங்கிக்கொண்டார். கரண்டி வாய்க்குள் போனது. அவள் முகத்தைப் பார்க்கவில்லை, பார்த்தால் அவரும் பார்ப்பார், பார்த்தால் சொல்லிவிடுவார். தொண்டையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். அது ஏறி இறங்கவில்லை. வாயிலேயே வைத்திருந்தார். தாடை ஒருபக்கம் போனது, மறுபக்கம் வந்தது. அவள் கண்ணை உயர்த்தினாள். அவர் அவளைப் பார்க்கவே இல்லை. கிண்ணத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார், இரண்டு புருவத்துக்கும் நடுவில் ஒரு கோடு விழுந்திருந்தது. புளி கொதிக்காத நாட்களில் விழுகிற கோடு.

"ஏளா."

"ம்."

"இதுல உப்பு ஏறியிருக்கு."

அவளுக்குச் சுரீரென்று வந்தது, பழைய கோபம், எங்கிருந்துதான் அவ்வளவு சீக்கிரம் வந்ததோ. "உப்பா? சீனி பாத்துப் பாத்துப் போட்டிருக்கேன், நக்கிப் பாத்தேன், தேனா இருந்துச்சு. உப்பாம்."

"கரிக்குங்கேன். இந்தா, நீயே தின்னு."

கரண்டியை நீட்டினார். அவள் வாயில் வாங்கினாள். முதலில் குளிர்ச்சி, பிறகு இனிப்பு, அதற்கு அடியிலிருந்து கடல்தண்ணிபோல உப்பு எழும்பி வந்தது. "மூடிக்கு மேல ஐஸ் அள்ளிப் போட்டியா?" என்றார். அவள் தலையாட்டினாள். "சாக்குப் போட்டு மூடுனியா?" அதற்கும் தலையாட்டினாள். "சீலாவா கட்டுன நீ, வண்டியில ஏத்தி அனுப்புறதுக்கு? தூக்குக் கழுத்துக்குக் கீழதான் ஐஸ் நிக்கணும், மேல ஏறுனா உப்புத்தண்ணி மூடி வழியா உள்ள எறங்கிரும்னு அன்னைக்கே சொன்னேனா இல்லியா? கழுத்தத் தொட்டுக் காமிச்சேன். வெளங்கிச்சான்னு கேட்டேன், வெளங்கிச்சுன்னு தலைய ஆட்டுன, இப்ப ஆட்டுற மாதிரியே. ஒனக்கு எத்தன தடவ சொன்னாலும்," என்று சொல்லிக்கொண்டே வந்தவர் அங்கே நின்றார். கரண்டியை அவள் கையிலிருந்து வாங்கினார். கிண்ணத்தில் இன்னொரு ஓரத்திலிருந்து கொஞ்சம் எடுத்து, மெதுவாக, அடுப்பிலிருந்து எடுத்த மக்ரூனைச் சோதிக்கிறவர்போல நாக்கு நுனியில் வைத்தார். மடியிலிருந்த விசிறி நழுவித் தரையில் விழுந்தது. இரண்டு பேரும் அதை எடுக்கவில்லை.

"இந்தப் பக்கம் உப்பு கம்மி" என்றார், குரல் ஒரு மாதிரி இருந்தது.

பனிமேரி நாற்காலியின் காலடியில் தரையில் உட்கார்ந்தாள். ஏலக்காய் தெரியுதா என்று கேட்க வாய் எடுத்தாள். அதற்குள் அவரே, "வாசம் ஒண்ணும் தெரியல" என்றார். வருத்தமாகச் சொல்லவில்லை, சரக்கைப் பார்த்துச் சொல்வதுபோலச் சொன்னார். இன்னொரு வாய் எடுத்தார்.

"வேற?" என்றாள்.

"சீனி தூக்கல்."

"வேற?"

"மஞ்சக்கரு யாரு குடுத்தா, ஜெரோமா? வெள்ளை கலந்திருக்கு, திரிதிரியா வருது. இன்னும் ஒழுங்காப் பிரிக்கத் தெரியல அந்தப் பயலுக்கு, திருநாள வச்சிக்கிட்டு. போயி நாலு வார்த்தை சொல்லணும்."

அவள் கிண்ணத்தை அவர் பக்கம் இன்னும் கொஞ்சம் தள்ளினாள்.

"வேற?"